ஒன்றுக்கு எவ்வளவு?

தமிழ்ப் பேரவையின் ஆண்டு மலரில் கணக்குக் கட்டுரையா என்று யாரும் புருவத்தை உயர்த்த வேண்டாம். கவிதையும் சிறுகதையும் எழுத என்னைவிடத் திறமையானவர்கள் பேரவையில் நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் பேரவையில் இருந்த காலத்தில்கூட மேடையேறியதைவிட ரசீதுக் கட்டுகளோடு மல்லுக்கட்டியதுதான் அதிகம். இப்போது ஷா ஆலாமில் ஒரு தொழிற்சாலையின் செலவுக் கணக்குப் பிரிவில் வேலை. ஆகவே எனக்குத் தெரிந்த ஒன்றைப் பற்றி எழுதுகிறேன். பட்டம் வாங்கி வேலைக்கு வரும் நம் பிள்ளைகளில் பலர், எண்களில் சூரர்களாக இருந்தும், தடுமாறுகிற இடம் இது.

மொத்தச் செலவு கையில் இருக்கிறது. அதில் ஒன்றுக்கு எவ்வளவு என்பதை எப்படிக் கண்டுபிடிப்பது? இதுதான் கேள்வி. மொத்தத்தை எண்ணிக்கையால் வகுத்தால் வந்துவிடுமே என்பீர்கள். சில நேரங்களில் வரும். பல நேரங்களில் வருவது வேறு எண்.

பேரவை நிகழ்ச்சி ஒன்றுக்கு மதிய உணவு ஏற்பாடு செய்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். கேட்டரிங்காரரிடம் கேட்டால், 50 பேருக்கு 400 வெள்ளி என்கிறார். சரி, 80 பேர் வந்தால்? 610 வெள்ளி என்கிறார். முதல் விலையை வகுத்தால் தலைக்கு 8 வெள்ளி. இரண்டாவதை வகுத்தால் தலைக்கு 7 வெள்ளி 62 காசு சொச்சம். ஒரே சாப்பாடு, ஒரே கடைக்காரர், இரண்டு விலை. கூட்டம் அதிகம் என்பதால் தள்ளுபடி கொடுத்துவிட்டார் என்றுதான் பெரும்பாலோர் நினைப்பார்கள். அவர் ஒரு காசுகூடத் தள்ளுபடி கொடுத்திருக்க வேண்டியதில்லை.

இரண்டு விலைகளுக்கும் உள்ள வேறுபாட்டைப் பாருங்கள். ஆட்களில் 30 பேர் கூடியிருக்கிறார்கள். பணத்தில் 210 வெள்ளி கூடியிருக்கிறது. அந்த 210 வெள்ளி முழுக்க முழுக்க அந்த 30 பேருக்காக மட்டுமே வந்தது. 210ஐ 30ஆல் வகுத்தால் 7. ஆக, ஒரு சாப்பாட்டின் உண்மையான வீதம் 7 வெள்ளி. அப்படியானால் 50 பேருக்கு 350 வெள்ளிதானே ஆக வேண்டும்? அவர் கேட்பது 400. மீதி 50 வெள்ளி, வேனில் சாப்பாட்டை ஏற்றிக்கொண்டு வளாகத்துக்கு வந்து போகிற கூலி. பத்துப் பேர் சாப்பிட்டாலும் நூறு பேர் சாப்பிட்டாலும் வேன் ஒரு முறைதான் வரும். 80 பேருக்குச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்: 80 தடவை 7, 560. அதோடு 50 சேர்த்தால் 610.

மொத்தத்தை வகுத்தபோது நமக்குக் கிடைத்த 8 வெள்ளியில் வேன் கூலியின் ஒரு துண்டு ஒட்டிக்கொண்டிருந்தது. 80 பேராகும்போது அந்தத் துண்டு சிறுத்துவிட்டது. அவ்வளவுதான் சங்கதி. தள்ளுபடியும் இல்லை, தாராளமும் இல்லை.

இதில் ஒரு சுவையான வரலாறும் இருக்கிறது. தெரிந்த மூன்று எண்களைக் கொண்டு நான்காவதைக் காணும் விதியை ஆரியபட்டர் 499ஆம் ஆண்டு நூலிலேயே சொல்லிவிட்டார். வடமொழியில் அதற்குத் திரைராசிகம் என்று பெயர். ஐந்து மாம்பழம் இவ்வளவு என்றால் எட்டு மாம்பழம் எவ்வளவு என்று தமிழ்ப்பள்ளியில் நாம் போட்ட கணக்கெல்லாம் அதன் வழிவந்ததுதான். ஒன்றின் விலையைக் கண்டுபிடி, பிறகு பெருக்கு. நம் கைகளில் ஊறிப்போன பழக்கம். ஆனால் அந்த விதி ஒரு நிபந்தனையோடு வருகிறது. எண்ணிக்கை பூஜ்யமானால் செலவும் பூஜ்யமாக வேண்டும். மாம்பழம் வாங்காவிட்டால் காசு கொடுக்க வேண்டாம் என்பதால் அங்கே விதி பொருந்துகிறது. வேன் வந்து நின்றுவிட்ட பிறகு ஒருவருமே சாப்பிடாவிட்டாலும் 50 வெள்ளி கொடுத்தாக வேண்டும் என்கிற இடத்தில் அது பொருந்தாது. 120 பேருக்கு எவ்வளவு ஆகும் என்று, 8ஐப் பிடித்துக்கொண்டு பெருக்கினால் 960 வரும். உண்மையில் ஆவது 890 வெள்ளிதான்.

இடைநிலைப் பள்ளியில் இதையே வேறு உடுப்பில் நாம் சந்தித்திருக்கிறோம். நேர்க்கோட்டுச் சமன்பாடு என்ற பாடம். மலாயில் படித்தவர்களுக்குக் கெச்செருனான் என்றும், 2003இல் அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்துக்கு மாறிய காலத்தில் படித்தவர்களுக்குக் கிரேடியன்ட் என்றும் அது நினைவிருக்கும். தமிழில் சாய்வு. கோடு எவ்வளவு ஏறுகிறது என்பதை எவ்வளவு நகர்கிறது என்பதால் வகுப்பது. படுக்கைக் கோட்டில் ஆட்களின் எண்ணிக்கையையும் நிமிர்ந்த கோட்டில் பணத்தையும் குறித்துக்கொண்டால், கேட்டரிங்காரரின் எல்லா விலைகளும் ஒரே நேர்க்கோட்டில் வந்து உட்காரும். அந்தக் கோட்டின் சாய்வுதான் 7 வெள்ளி. நிமிர்ந்த கோட்டை அது வெட்டும் இடம் 50 வெள்ளி. தேர்வுக்காக இந்தச் சமன்பாட்டை எத்தனையோ முறை எழுதியிருக்கிறோம். அது வேன் கூலியையும் சாப்பாட்டு விலையையும் பிரித்துக் காட்டும் கருவி என்று எனக்கு யாரும் சொல்லித் தந்ததாக நினைவில்லை.

டாக்சி மீட்டர் சொல்லும் பாடம்

இதைவிடச் சற்று நுணுக்கமான எடுத்துக்காட்டு கோலாலம்பூர் டாக்சி மீட்டர். இன்றைய மாணவர்கள் கிராப் செயலியில் போய்வருகிறார்கள். அங்கே தேவையைப் பொறுத்து விலை ஏறி இறங்கும், நம் நேர்க்கோடு அங்கே செல்லாது. மீட்டர் அப்படியல்ல. 2015ஆம் ஆண்டில் சாதாரண பட்ஜெட் டாக்சிகளுக்கு அறிவித்த கட்டணம் இது: முதல் 1 கிலோமீட்டருக்கு 3 வெள்ளி, அதன்பின் ஒவ்வொரு 200 மீட்டருக்கும் 25 காசு. நெரிசலில் நின்றால் நேரத்துக்கும் மீட்டர் ஓடும். அந்த வேதனையை இப்போதைக்கு ஒதுக்கிவிடுவோம்.

கட்டண அட்டை நமக்குத் தெரியாது, இரண்டு பயணங்களின் கட்டணம் மட்டும் தெரியும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 5 கிலோமீட்டருக்கு 8 வெள்ளி. 13 கிலோமீட்டருக்கு 18 வெள்ளி. வேறுபாடு 8 கிலோமீட்டர், 10 வெள்ளி. வகுத்தால் கிலோமீட்டருக்கு 1 வெள்ளி 25 காசு. 200 மீட்டருக்கு 25 காசு என்பதும் அதேதான். இதுவரை சரி. இப்போது நிலைத்தொகையைத் தேடுவோம். 5 கிலோமீட்டருக்கு 5 தடவை 1.25, அதாவது 6 வெள்ளி 25 காசு. 8 வெள்ளியில் இதைக் கழித்தால் மிஞ்சுவது 1 வெள்ளி 75 காசு.

ஏறி உட்கார்ந்தவுடன் மீட்டரில் தெரிவது 3 வெள்ளி அல்லவா? 1.75 எங்கிருந்து வந்தது? கணக்கில் தவறில்லை. அந்த 3 வெள்ளிக்குள் முதல் கிலோமீட்டர் ஓட்டமும் அடங்கியிருக்கிறது. ஓட்டத்துக்குரிய 1.25ஐ எடுத்துவிட்டால், ஏறியதற்காக மட்டும் நாம் கொடுப்பது 1.75. நேர்க்கோட்டை இடப்பக்கமாக நீட்டினால் அது 1.75இல் போய் முட்டும். ஆனால் அந்தப் பகுதியில் உண்மையான டாக்சி எதுவும் ஓடுவதில்லை, அரைக் கிலோமீட்டர் போனாலும் 3 வெள்ளிதான். ஒன்றுக்கான வீதத்தை நம்பலாம். கோடு வெட்டும் இடத்தில் கிடைக்கும் எண்ணை மட்டும், இது எதற்கான பணம் என்று ஒரு கேள்வி கேட்டுவிட்டு நம்ப வேண்டும்.

மீட்டரில் இன்னொரு குணமும் உண்டு. அது வழுவழுவென்று ஏறாது. 25 காசு 25 காசாகக் குதிக்கும். ஆகவே 5 கிலோமீட்டர் பயணத்தையும் 5.3 கிலோமீட்டர் பயணத்தையும் ஒப்பிட்டு வீதம் கண்டுபிடிக்கப் போனால் வம்பு. இடையில் ஒரு குதி விழுந்திருந்தால் 25 காசை 0.3ஆல் வகுத்து 83 காசு என்று வரும். இரண்டு குதி விழுந்திருந்தால் 1 வெள்ளி 67 காசு என்று வரும். இரண்டுமே பொய். ஆனால் 5ஐயும் 13ஐயும் ஒப்பிட்டால், ஒரு குதி பிசகினாலும் அந்த 25 காசு 8 கிலோமீட்டருக்குப் பரவிவிடும். வீதத்தில் 3 காசு சொச்சத்துக்கு மேல் தவறு வராது. ஒப்பிடும் இரண்டு இடங்களும் தள்ளித் தள்ளி இருக்க வேண்டும் என்பதற்கு இதுதான் காரணம்.

கட்டண உயர்வைப் புரிந்துகொள்ளவும் இந்தப் பிரிப்பு உதவும். 2009ஆம் ஆண்டு ஆகஸ்டு முதல் 2015 வரை இருந்த கட்டணத்தில் முதல் கிலோமீட்டருக்கு அதே 3 வெள்ளி. அதன்பின் 115 மீட்டருக்கு 10 காசு, அதாவது கிலோமீட்டருக்கு ஏறக்குறைய 87 காசு. தொடக்கத் தொகை மாறவில்லை, வீதம் மட்டும் 87 காசிலிருந்து 1.25க்குப் போனது. 5 கிலோமீட்டர் பயணம் சுமார் 6 வெள்ளி 50 காசிலிருந்து 8 வெள்ளியானது. 21 கிலோமீட்டர் பயணம் சுமார் 20 வெள்ளி 40 காசிலிருந்து 28 வெள்ளியானது. கிட்டத்தில் போகிறவருக்கு நூற்றுக்கு 23 போல; தூரத்துப் புறநகரில் இருந்து வருகிறவருக்கு நூற்றுக்கு 37. வீதம் மட்டும் பார்த்தால் உயர்வு நூற்றுக்கு 44க்குப் பக்கம். உயர்வு எத்தனை விழுக்காடு என்று ஒரே எண்ணைக் கேட்பவருக்கு ஒரே விடை சொல்ல முடியாது. யாருடைய பயணம் என்று திருப்பிக் கேட்க வேண்டும்.

நூறு பிரதிகளின் கதை

இனி நம் வீட்டுச் சங்கதிக்கு வருகிறேன். சில ஆண்டுகளுக்கு முன், மலர்க் குழுவைச் சேர்ந்த பொருளாளர் தம்பி ஒருவர் என்னைத் தொலைபேசியில் அழைத்தார். அந்த ஆண்டு 400 பிரதிகள் அச்சிடுவதாக முடிவு. அச்சகத்தார் கொடுத்திருந்த கொட்டேஷனில் 300 பிரதிக்கு 3,300 வெள்ளி, 500 பிரதிக்கு 4,100 வெள்ளி என்று இருந்தது. 400க்கு 3,700 என்று பேசி முடித்திருந்தார்கள். அந்த நேரத்தில் ஓய்வுபெற்ற முன்னாள் மாணவர் ஒருவர், பேராக் மாநிலத்தில் இருபது தோட்டப்புறத் தமிழ்ப்பள்ளிகளின் நூலகங்களுக்கு ஐந்தைந்து பிரதிகள் அனுப்பச் சொல்லி, 500 வெள்ளி தருவதாகக் கேட்டிருக்கிறார்.

"அக்கா, ஒரு புத்தகத்துக்கு ஒன்பதே கால் வெள்ளி ஆவுது. நூறு புத்தகத்துக்கு 925. அவர் குடுக்கறது 500தான். மிச்சம் 425க்கு நாங்க எங்க போறது? முடியாதுன்னு மரியாதையா ஒரு கடிதம் எழுதணும், நீங்க பார்த்துக் குடுங்கக்கா," என்றார்.

கடிதத்தை விட்டுவிட்டுக் கொட்டேஷனை அனுப்பச் சொன்னேன். 300க்கும் 500க்கும் இடையே 200 பிரதிகள், 800 வெள்ளி. ஆக ஒரு பிரதிக்கு வீதம் 4 வெள்ளி. 300 பிரதிக்கு அது 1,200. மீதி 2,100 வெள்ளி எங்கே போகிறது? பக்க வடிவமைப்பு, பிளேட் எடுப்பது, இயந்திரத்தில் பூட்டி மை சரிபார்ப்பது. முதல் பிரதி வெளிவருவதற்கு முன்பே செலவாகிவிடுகிற பணம். 400 பிரதி அச்சிடப்போவது முடிவாகிவிட்ட பிறகு அந்த 2,100ஐ யாரும் இரண்டாவது முறை கேட்கப் போவதில்லை. கூடுதலாக வரும் நூறு பிரதிக்குத் தாளும் மையும் பைண்டிங்கும் மட்டும்தான். 400 வெள்ளி. பெரியவர் தருவது 500. அனுப்பிய பிறகும் தபாலுக்கு நூறு வெள்ளி கையில் நிற்கும்.

"அப்போ ஒன்பதே கால்ங்கறது தப்பாக்கா?" என்று கேட்டார் தம்பி. தப்பில்லை. 3,700ஐ 400ஆல் வகுத்தால் 9.25 வரத்தான் செய்யும். அது சராசரி. இதுவரை ஆன செலவை ஆளுக்குப் பங்கிட்டால் எவ்வளவு என்ற கேள்விக்கு அது விடை. பெரியவர் கேட்டது வேறு கேள்வி: இன்னும் ஒரு நூறு கூட்டினால் எவ்வளவு கூடும்? அதற்குச் சராசரியிடம் விடை கிடையாது. நாட்டில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் இருக்க, இருபது பள்ளிப் பிள்ளைகளின் கைக்கு ஒரு மலர் போவதும் போகாததும், பொருந்தாத கேள்விக்குச் சொன்ன சரியான விடையால் முடிவாகிவிடப் பார்த்தது.

இதைப் படித்துவிட்டு, அப்படியானால் எல்லாருக்கும் 4 வெள்ளிக்கே மலரை விற்றுவிடலாமே என்று யாரும் கிளம்ப வேண்டாம். அந்த 2,100ஐ யாராவது கொடுத்தாக வேண்டும். ஒரு பிரதியை 10 வெள்ளிக்கு விற்றால், 4 வெள்ளி அச்சகத்துக்குப் போக, 6 வெள்ளி அந்த 2,100ஐ அடைக்கப் போகும். 2,100ஐ 6ஆல் வகுத்தால் 350. ஆக 350 பிரதி விற்றால்தான் கை கடிக்காது. 350க்குப் பிறகு விற்கும் ஒவ்வொன்றிலும் 6 வெள்ளி பேரவைக்கு. விளம்பரங்களாலேயே 2,100ம் வந்துவிட்டால், அப்போது 4 வெள்ளிக்குக் கொடுப்பதில் நட்டமில்லை. விளம்பரம் பிடிக்க நாயாய் அலைகிற தம்பி தங்கைகளுக்கு இந்த எண் தெரிந்திருப்பது நல்லது. எத்தனை பக்க விளம்பரம் வேண்டும் என்று குத்துமதிப்பாகச் சொல்லாமல் 2,100ஐ வைத்துத் தெளிவாகச் சொல்லலாம்.

அச்சகங்களை ஒப்பிடும்போதும் இப்படித்தான். மேலே சொன்னது ஆப்செட் அச்சு. டிஜிட்டல் அச்சில் பிளேட் கிடையாது. ஆகவே நிலைச்செலவு குறைவு, ஆனால் பிரதிக்கு வீதம் அதிகம். இன்னொரு கடைக்காரர் டிஜிட்டலில் 100 பிரதிக்கு 1,200 வெள்ளி, 200 பிரதிக்கு 2,200 வெள்ளி என்று சொல்வதாக வைத்துக்கொள்வோம். வேறுபாட்டை வகுத்தால் வீதம் 10 வெள்ளி, நிலைச்செலவு 200. ஆப்செட்டை விடப் பிரதிக்கு 6 வெள்ளி கூடுதல். நிலைச்செலவில் 1,900 வெள்ளி மிச்சம். 1,900ஐ 6ஆல் வகுத்தால் 316 சொச்சம். ஆகவே 316 பிரதி வரை டிஜிட்டல் மலிவு, அதைத் தாண்டினால் ஆப்செட் மலிவு. 'எந்த அச்சகம் மலிவு?' என்று பொதுவாகக் கேட்பதில் பொருளில்லை என்பது இதிலிருந்தே தெரியும். ஒரே ஒரு எண்ணிக்கைக்கு மட்டும் கொட்டேஷன் வாங்கினால் இந்தக் கணக்கு எதையும் போட முடியாது. குறைந்தது இரண்டு வாங்குங்கள். மூன்று வாங்கினால் இன்னும் நல்லது.

ஏன் மூன்று? இரண்டு புள்ளிகளை வைத்தால் எப்படியும் ஒரு நேர்க்கோடு போட்டுவிடலாம். செலவு உண்மையில் நேர்க்கோட்டில்தான் போகிறதா என்று அந்த இரண்டும் சொல்லாது. மூன்றாவது புள்ளிதான் சாட்சி. நம் மலருக்கு 800 பிரதி என்றால் 2,100ம் 3,200ம் சேர்ந்து 5,300 வர வேண்டும். அச்சகத்தார் 5,250 என்று சொன்னால் கோடு சரி, 50 வெள்ளி மட்டும் மனமிரங்கிக் குறைத்திருக்கிறார். 4,600 என்று சொன்னால் அந்த அளவில் வேறு தாளோ வேறு இயந்திரமோ வருகிறது. பழைய வீதத்தை அங்கே கொண்டுபோகக் கூடாது.

அலுவலகத்தில் நாங்கள் செய்வதும் கிட்டத்தட்ட இதே வேலைதான். செலவுக் கணக்கியலில் இதற்கு உயர்வு தாழ்வு முறை என்று ஒன்று உண்டு. அதிக வேலை நடந்த மாதத்தையும் குறைந்த வேலை நடந்த மாதத்தையும் எடுத்து, வேறுபாட்டை வேறுபாட்டால் வகுப்பது. எளிது, ஆனால் ஒரு கெட்ட மாதம் மாட்டிக்கொண்டால் கவிழ்த்துவிடும். ஒரு ஃபோர்க்லிஃப்ட் வண்டியின் பராமரிப்பு, 200 மணி நேரம் ஓடிய மாதத்தில் 2,600 வெள்ளி, 500 மணி நேரம் ஓடிய மாதத்தில் 5,000 வெள்ளி என்று கொள்வோம். வீதம் மணிக்கு 8 வெள்ளி என்று வரும். ஆனால் அந்த 5,000இல் டயர் மாற்றிய 900 வெள்ளியும் கலந்திருந்தால்? அதை எடுத்துவிட்டுப் பார்த்தால் 4,100. இப்போது 1,500ஐ 300ஆல் வகுக்க, மணிக்கு 5 வெள்ளிதான். 8க்கும் 5க்கும் எவ்வளவு தூரம்! அந்த 8ஐ நம்பி வாடிக்கையாளருக்கு விலை சொன்னால் வேலை வேறு கம்பெனிக்குப் போய்விடும். ஆகவே பில்லைத் திறந்து உள்ளே என்னென்ன இருக்கிறது என்று பார்க்காமல் வகுக்க உட்காரக் கூடாது.

பன்னிரண்டு மாதத்துக் கணக்கும் கையில் இருந்தால் இரண்டை மட்டும் நம்பவும் வேண்டாம். எல்லாப் புள்ளிகளுக்கும் நடுவே மிகப் பொருத்தமாகப் போகும் கோட்டைக் கண்டுபிடிக்க மீச்சிறு வர்க்க முறை இருக்கிறது. 1805இல் லெஜாந்தரும் 1809இல் காஸும் வெளியிட்ட முறை. அந்தக் காலத்தில் வான்கோள்களின் பாதையைக் கணிக்கப் பயன்பட்டது. இன்று எக்செல்லில் ஸ்லோப் என்ற கட்டளைக்குள் அடங்கிக் கிடக்கிறது. செலவுப் பத்தியை முதலிலும் எண்ணிக்கைப் பத்தியை அடுத்தும் கொடுத்தால் வீதம் வந்து நிற்கும். இன்டர்செப்ட் என்ற கட்டளை நிலைச்செலவைத் தரும். பத்திகளை மாற்றிக் கொடுத்துவிட்டால் எக்செல் ஒன்றும் சொல்லாது, ஒரு பொருந்தாத எண்ணைத் தந்துவிட்டுச் சும்மா இருக்கும்.

கோடு வளையும் இடம்

நேர்க்கோடு செல்லாத இடத்தைச் சொல்லாமல் விட்டால் கட்டுரை பாதிதான். மின்சார பில் நல்ல எடுத்துக்காட்டு. தீபகற்ப மலேசியாவில் 2014 தொடக்கத்திலிருந்து 2025 ஜூன் வரை வீடுகளுக்கு இருந்த கட்டணம் படிப்படியானது. முதல் 200 யூனிட்டுக்கு 21.8 காசு, அடுத்த 100க்கு 33.4 காசு, 301 முதல் 600 வரை 51.6 காசு, அதற்குமேல் இன்னும் ஏறும். வரியையும் மற்றச் சேர்ப்புகளையும் விட்டுவிட்டுப் பார்த்தால், 250 யூனிட்டுக்கு 60 வெள்ளி 30 காசு. 350 யூனிட்டுக்கு 102 வெள்ளி 80 காசு. நாம் கற்ற முறைப்படி வேறுபாட்டை வகுத்தால் யூனிட்டுக்கு 42.5 காசு. இப்படியொரு வீதம் கட்டண அட்டையில் எங்குமே கிடையாது! 33.4இல் ஐம்பது யூனிட்டும் 51.6இல் ஐம்பது யூனிட்டும் கலந்த கலவை அது. இரண்டு புள்ளிகளும் ஒரே படிக்குள் இருந்தால் மட்டுமே முறை சரியான விடை தரும். 350க்கும் 500க்கும் இடையே பாருங்கள்: 500 யூனிட்டுக்கு 180 வெள்ளி 20 காசு. வேறுபாடு 77 வெள்ளி 40 காசு, 150 யூனிட். வகுத்தால் சுத்தமாக 51.6 காசு.

2025 ஜூலை முதல் இந்தப் படிகள் போய், ஆற்றலுக்கும் கொள்திறனுக்கும் கட்டமைப்புக்கும் தனித்தனியாகக் கட்டணம் போடும் முறை வந்துவிட்டது. மாதம் 600 யூனிட்டைத் தாண்டும் வீடுகளுக்கு 10 வெள்ளி நிலைத்தொகையும் உண்டு. பில்லில் வரிகள் கூடியிருக்கின்றன. எந்த வரி யூனிட்டோடு ஏறுகிறது, எது அசையாமல் நிற்கிறது என்று பிரித்துப் பார்க்கும் வேலை மட்டும் அப்படியே இருக்கிறது.

வாடகை வீட்டில் ஐந்து பேர் சேர்ந்து தங்கியிருக்கும் மாணவர்களுக்கு இது வெறும் பாடமல்ல. பழைய கட்டணக் காலத்தில் வீட்டுக்கு வீடு நடந்த சண்டை ஒன்றைச் சொல்கிறேன். வீடு முழுவதற்கும் மாதம் 350 யூனிட் ஓடிக்கொண்டிருந்தது. ஒருவர் தம் அறையில் குளிர்சாதனம் மாட்டுகிறார், பில் 500 யூனிட்டுக்கு ஏறுகிறது. அவர் சராசரியைப் பிடித்துக்கொள்வார்: 180.20ஐ 500ஆல் வகுத்தால் யூனிட்டுக்கு 36 காசு, என்னுடைய 150 யூனிட்டுக்கு 54 வெள்ளி தருகிறேன் என்பார். மற்ற நால்வரும் வேறுபாட்டைப் பிடித்துக்கொள்வார்கள்: நீ வந்ததால் கூடியது 77 வெள்ளி 40 காசு, அதை வை என்பார்கள். நடுவில் கிடக்கும் 23 வெள்ளிக்காக முகம் பார்த்துப் பேசாமல் ஒரு பருவத்தையே ஓட்டியவர்களை எனக்குத் தெரியும். குளிர்சாதனத்தால் செலவு எவ்வளவு கூடியது என்ற கேள்விக்கு 77.40தான் விடை, அதில் ஐயமில்லை. மலிவான முதல் 200 யூனிட்டில் அவருக்கும் ஐந்தில் ஒரு பங்கு உண்டா என்பது வேறு கேள்வி. அதற்கு எக்செல்லில் கட்டளை கிடையாது; வாடகைக்கு வீடு எடுக்கும் அன்றே ஐந்து பேரும் உட்கார்ந்து பேசி, ஒரு தாளில் எழுதிக் குளிர்சாதனப் பெட்டியின் கதவில் ஒட்டிவைத்துவிடுவது உத்தமம்.